இனேயில் எத்தனை நிமிஷம்?

கியோத்தோவிலிருந்தோ ஒசாகாவிலிருந்தோ ஜப்பான் கடல் பக்கம் ஒரு நாள் வழிகாட்டிச் சுற்றுலா தேடினால், விளம்பரங்களில் அதே இரண்டு படங்கள்தான் திரும்பத் திரும்ப வரும். ஒன்றில் பைன் மரங்கள் அடர்ந்த நீளமான மணல்திட்டு, அது அமானோஹாஷிதாதே. இன்னொன்றில் தண்ணீருக்குள் கால் ஊன்றி நிற்கும் மர வீடுகள், அது இனே. விலையும் கிளம்பும் நேரமும் ஏறத்தாழ ஒன்றாகவே இருக்கும். அப்படியானால் எதைப் பார்த்துப் பணம் கட்டுவது? பயணத்திட்டத்தில் ஒரே ஒரு வரியைத் தேடுங்கள்: இனேயில் பேருந்து எத்தனை நிமிஷம் நிற்கும்?

கணக்கைப் போட்டுப் பார்த்தால் இது ஏன் முக்கியம் என்று விளங்கும். கியோத்தோவிலிருந்து அமானோஹாஷிதாதேக்கு, வழியில் ஒரு கழிப்பறை நிறுத்தத்தோடு, சுமார் இரண்டு மணி நேரம். 2015 ஜூலையில் கியோத்தோ ஜூக்கான் விரைவுச்சாலை முழுவதுமாகத் திறந்த பிறகுதான் நேரம் இவ்வளவுக்குக் குறைந்தது. அங்கிருந்து இனேக்கு முக்கால் மணி நேரம் ஒதுக்கலாம். திரும்பி வர இரண்டரை மணி நேரம். ஆக, பத்து மணி நேரச் சுற்றுலாவில் ஐந்து மணி நேரத்துக்கு மேல் பேருந்து இருக்கையிலேயே போய்விடும். மீதியுள்ள நான்கரை, நாலே முக்கால் மணியில்தான் மலை ஏறுவது, சாப்பிடுவது, கோயில், படகு, கிராமத்தில் நடப்பது எல்லாம்.

இதில் பல நிறுவனங்கள் மியாமாவையும் சேர்த்துவிடுகின்றன. கூரை வேய்ந்த பழைய வீடுகள் உள்ள அழகான மலைக் கிராமம் அது, சந்தேகமில்லை. ஆனால் கடலோரம் அல்ல, நேர் வழியிலும் இல்லை. சுற்றிப் போகும் நேரமும் அங்கே நிற்கும் நேரமும் சேர்ந்து இரண்டு மணி நேரத்தை விழுங்கும். அந்த இரண்டு மணியும் இனேயிலிருந்தும் அமானோஹாஷிதாதேயிலிருந்தும்தான் பிடுங்கப்படும். “மூன்று இடம், ஒரே விலை” என்பது லாபம் போலத் தெரியும். உண்மையில் நீங்கள் வாங்குவது கூடுதல் பேருந்துப் பயணம். இரண்டு ஊர் மட்டும் உள்ள சுற்றுலாவையே எடுங்கள். அதிலும் இனேயில் படகையும் சேர்த்து 90 நிமிஷத்துக்குக் குறைந்தால் வேறொன்றைத் தேடுங்கள். 120 கிடைத்தால் விட்டுவிடாதீர்கள்.

முன்பதிவு செய்யுமுன் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியவை இன்னும் சில உண்டு. இனே விரிகுடாப் படகுச் சீட்டும் அமானோஹாஷிதாதேயின் மலை லிஃப்ட் சீட்டும் விலைக்குள் அடங்குமா? குறைந்தபட்சம் எத்தனை பேர் சேர்ந்தால் பேருந்து கிளம்பும், சேராவிட்டால் எத்தனை நாள் முன்னால் சொல்வார்கள்? வழிகாட்டி எத்தனை மொழியில் பேசுவார்? கடைசிக் கேள்வியைப் பலரும் கேட்பதில்லை. ஒரே பேருந்தில் ஆங்கிலம், சீனம் என இரண்டு மொழிக் குழு இருந்தால், ஒவ்வொரு அறிவிப்பும் இரண்டு முறை வரும்; நேரம் போதாமல் விளக்கம் பாதியாகச் சுருங்கும். பெரும்பாலும் எஞ்சுவது “இத்தனை மணிக்கு இங்கே வாருங்கள்” என்பது மட்டும்தான். 2018 ஜனவரியில் சட்டம் மாறியதிலிருந்து அரசுத் தேர்வு எழுதி உரிமம் பெறாதவரும் கட்டணத்துக்கு வழிகாட்டலாம். உரிமம் இல்லாதவர்களிலும் அருமையாகச் சொல்பவர்கள் உண்டு. ஆனாலும் “தேசிய உரிமம் பெற்ற வழிகாட்டியா” என்று கேட்பதில் தவறில்லை.

ஒசாகாவில் ஆட்களை ஏற்றி, பிறகு கியோத்தோவில் ஏற்றும் பேருந்து என்றால் கியோத்தோவில் ஏறுங்கள். ஒரு மணி நேரத் தூக்கம் மிச்சம். கியோத்தோ நிலையத்தில் கூடுமிடம் பெரும்பாலும் தெற்கே உள்ள ஹாச்சிஜோ வாசல் பக்கம்தான். கோபுரம் தெரிகிற வடக்கு வாசலான கராசுமாவில் போய் நின்றுகொண்டு தேடுபவர்கள் தினமும் உண்டு. நிலையத்தின் ஒரு பக்கத்திலிருந்து மறு பக்கம் போக, பெட்டி படுக்கையோடு பத்து நிமிஷம் ஆகிவிடும், பேருந்து காத்திருக்காது. ஓட்டுநரின் வேலை நேரத்துக்கும் ஓய்வு நேரத்துக்கும் சட்டப்படி வரம்பு இருக்கிறது. 2024 ஏப்ரலிலிருந்து அது இன்னும் இறுகியிருக்கிறது. காலையில் ஒருவர் பதினைந்து நிமிஷம் தாமதித்தால், அது மாலையில் இனேயில் எல்லோருக்கும் பதினைந்து நிமிஷக் குறைவாக வந்து நிற்கும்.

பேருந்தில் பெரும்பாலும் கழிப்பறை இருக்காது. சாலையோர நிறுத்தத்தில் தேவை இல்லையென்று தோன்றினாலும் இறங்கிப் போய்வாருங்கள். இலையுதிர்காலக் காலையில் கமேயோக்கா, ஆயபே பக்கம் ஜன்னலுக்கு வெளியே ஒன்றுமே தெரியாத பனிமூட்டம் இருக்கும். நாளே வீணாகிவிட்டதென்று மனம் தளர வேண்டாம். தன்பா மலைப் பள்ளத்தாக்குகளில் இரவுக் குளிரில் தேங்குகிற மூட்டம் அது. வெயில் ஏறியதும் கலைந்துவிடும். கடற்கரையில் பெரும்பாலும் அது இருப்பதில்லை.

அமானோஹாஷிதாதே 3.6 கிலோமீட்டர் நீளம். அகலம் சில இடங்களில் 20 மீட்டர்தான். அதிகபட்சம் 170 மீட்டர். பெயருக்கு “வானத்துக்கு நிறுத்திய ஏணிப்பாலம்” என்று பொருள் கொள்ளலாம். இசானாகி தெய்வம் விண்ணுக்கு ஏறி இறங்கச் செய்த ஏணி, அவர் தூங்கும்போது சாய்ந்து கடலில் கிடக்கிறது என்பது தாங்கோ எனப்படும் இந்தப் பகுதியின் பழங்கதை. மத்சுஷிமா, மியாஜிமா ஆகியவற்றோடு சேர்த்து இதை ஜப்பானின் மூன்று சிறந்த காட்சிகளில் ஒன்றாக 1643இல் எழுதிவைத்தவர் அறிஞர் ஹயாஷி காஹோ.

மேலிருந்து பார்க்க இரண்டு மலைகள் உண்டு. நிறுவனம் எந்தப் பக்கம் கூட்டிப்போகிறது என்று பாருங்கள், இரண்டும் ஒன்றல்ல. தெற்கே ரயில் நிலையத்துக்குப் பின்னால் இருப்பது வியூலேண்ட். அங்கே நீங்கள் வடக்கு நோக்கி நிற்பீர்கள். சூரியன் முதுகுக்குப் பின்னால் இருப்பதால் கடல் நீலமாகவும் பைன் பச்சையாகவும் தெளிவாகத் தெரியும். வடக்கே இருப்பது கசமத்சு பூங்கா. அங்கிருந்து பார்வை தெற்கே போகும். நடுப்பகலில் எதிர்வெயில், படம் வெளிறிப்போகும். ஆனால் மணல்திட்டு கண் முன்னால் சாய்வாக ஏறிப்போகும் அமைப்பு அங்கேதான் அழகு. படம்தான் முக்கியம் என்றால் தெற்கு. கூட்டம் சற்றுக் குறைந்த இடத்தில், மோத்தோஇசே என்றழைக்கப்படும் கோனோ ஆலயத்தையும் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்றால் வடக்கு. இரு கரைக்கும் நடுவே 12 நிமிஷத்தில் கடக்கிற படகு ஓடுகிறது. சில சுற்றுலாக்கள் ஒரு பக்கம் இறக்கி மறு பக்கம் ஏற்றிக்கொள்ளும். கிடைத்தால் அதுதான் மிகச் சிறந்த ஏற்பாடு.

மேலே போக இரண்டு வழி: வியூலேண்டில் மோனோரயில் அல்லது ஒற்றை இருக்கை லிஃப்ட், கசமத்சுவில் கேபிள் கார் அல்லது அதே ஒற்றை இருக்கை லிஃப்ட். பெரும்பாலும் ஒரே சீட்டு இரண்டுக்கும் செல்லும். மோனோரயிலுக்கும் கேபிள் காருக்கும் குறித்த நேரம் உண்டு, வரிசையும் நிற்கும். லிஃப்ட் நிற்காமல் ஓடிக்கொண்டே இருக்கும். நேரம் குறைவென்றால் லிஃப்டில் ஏறுங்கள். முதுகுப்பையை முன்பக்கம் மாட்டிக்கொள்ளுங்கள், செருப்பு தளர்வாக இருந்தால் கீழே விழுந்துவிடும், மழையில் அது ஓடாமலும் போகலாம்.

உச்சியில் எல்லோரும் முதுகைக் காட்டிக் குனிந்து, கால்களுக்கு நடுவே தலைகீழாகப் பார்ப்பார்கள். மத்தானோசோக்கி என்று பெயர். வானமும் கடலும் இடம் மாற, மணல்திட்டு விண்ணில் மிதக்கும் பாலமாகிவிடும். இதை வேடிக்கை என்று ஒதுக்கிவிட வேண்டாம். அப்படிக் குனிந்து பார்க்கும்போது பொருள்களின் அளவும் தூரமும் எப்படி மாறித் தெரிகின்றன என்று ஆராய்ந்த ஹிகாஷியாமா அட்சுகி, அதாச்சி கோஹெய் இருவருக்கும் 2016இல், முதலில் சிரிக்கவைத்துப் பிறகு சிந்திக்கவைக்கும் ஆய்வுகளுக்குத் தரும் இக் நோபல் பரிசு கிடைத்தது. ஆழம் குறைந்து காட்சி தட்டையாகிறது என்பதுதான் சாரம். கண்ணாடி, கைப்பேசி, தொப்பி மூன்றையும் முதலில் கழற்றிவைத்துவிட்டுக் குனியுங்கள்; இரத்த அழுத்தம் உள்ளவர்கள் மெதுவாக நிமிருங்கள்.

நிமிர்ந்த பிறகு இன்னொன்றையும் பார்க்க வேண்டும். இதை வழிகாட்டிகள் அநேகமாகச் சொல்வதில்லை. வியூலேண்டிலிருந்து பார்த்தால் வலப்பக்கம் மியாசு விரிகுடா, இடப்பக்கம் அசோ என்ற உள்கடல். வலப்பக்கக் கரை நேராக இருக்காது, ரம்பப் பல் மாதிரி வெட்டு வெட்டாக இருக்கும். அது இயற்கை அல்ல. தாங்கோ தீபகற்பத்து ஆறுகள் கொண்டுவந்து கொட்டும் மணலைக் கடல் நீரோட்டம் தெற்கே தள்ளித் தள்ளிச் சேர்த்ததுதான் இந்தத் திட்டு. 1500களின் தொடக்கத்தில் ஓவியர் செஷ்ஷூ இதைத் தீட்டியபோது தெற்கு முனைக்கும் சியோன்ஜி கோயிலுக்கும் நடுவே நீர் அகலமாகவே இருந்தது. இப்போதுள்ள தெற்குத் துண்டு பிறகு வளர்ந்தது. கியோத்தோ தேசிய அருங்காட்சியகத்தில் அந்த ஓவியம் இருக்கிறது. போருக்குப் பிந்தைய காலத்தில் ஆறுகளில் மண் தடுப்பணைகளும் துறைமுகங்களில் அலைத்தடுப்புச் சுவர்களும் வந்தன. மணல் வரத்து நின்று கரை மெலிந்தது. இருக்கிற மணலைப் பிடித்துவைக்கக் கரையிலிருந்து கடலுக்குள் குறுக்குச் சுவர்களைக் கட்டினார்கள். ஒவ்வொரு சுவரின் ஒரு பக்கம் மணல் ஒதுங்க, மறு பக்கம் அரிக்க, ரம்பப் பல் உண்டானது. இன்றும் வடக்கே தேங்குகிற மணலை அள்ளி, கரை மெலிந்த இடத்துக்கு, நீரோட்டம் வருகிற பக்கமாகக் கொண்டுபோய்க் கொட்டித்தான் இதைக் காப்பாற்றுகிறார்கள். மரங்களுக்கும் வேறொரு பிரச்சினை. முன்பு ஊர்க்காரர்கள் உதிர்ந்த பைன் ஊசிகளை அடுப்புக்கு வாரிக்கொண்டு போனார்கள். மணல் வறண்டே இருந்தது, வேர் ஆழப் போனது. வாருவது நின்றதும் மட்கு சேர்ந்து மண் கொழுத்தது. மரம் உயர்ந்தது, வேர் மேலோடு நின்றுவிட்டது. 2004 அக்டோபர்ப் புயலில் இருநூறுக்கும் மேற்பட்ட பைன்கள் சாய்ந்ததற்கு இதையும் ஒரு காரணமாகச் சொல்கிறார்கள். மரத்துக்கு ஊட்டம் அதிகமானதே கேடாகிப்போன இந்தக் கதையைத் தெரிந்துகொண்டு அந்த நிழலில் நடப்பது வேறு மாதிரி இருக்கும்.

முழு நீளமும் நடக்க ஐம்பது நிமிஷம், வாடகை சைக்கிளில் இருபது. இரண்டு மணி நேரம் கொடுத்தால் மலைக்கு 50 நிமிஷம், சாப்பாட்டுக்கு 30, சியோன்ஜிக்கும் சுழல் பாலத்துக்கும் 20, மீதி பைன் காட்டுக்குள் கொஞ்ச தூரம் என்று பிரித்துக்கொள்ளுங்கள். மணல்திட்டுக்குப் போகும் வழியிலேயே சுழல் பாலம் இருக்கிறது. 1923இல் கையால் சுழற்றும் பாலமாக வந்தது. 1960 முதல் மின்சாரத்தில் சுழல்கிறது. படகு வந்தால் பாதை துண்டிக்கப்பட்டுச் சில நிமிஷம் நிற்க வேண்டும். பேருந்துக்குத் திரும்பும் நேரத்தில் இதைக் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள். சியோன்ஜியில் வருங்காலம் சொல்லும் சீட்டு மடக்கு விசிறி வடிவில் கிடைக்கும். பைன் கிளைகளில் தொங்குபவை அவைதான். வாசலில் நான்கு கடைகள் சியே நோ மோச்சி விற்கின்றன: அரிசி மாவு உருண்டை மேல் இனிப்புச் சிவப்புப் பயறு விழுது. அறிவு வளரும் என்பது நம்பிக்கை.

சாப்பாட்டை இங்கேயே முடித்துக்கொள்ளுங்கள். இனேயில் உணவகங்கள் கொஞ்சம், இருக்கைகள் அதைவிடக் கொஞ்சம். பிற்பகல் ஒன்றரைக்குப் போனால் அன்றைய மீன் தீர்ந்திருக்கும். கன்வீனியன்ஸ் ஸ்டோரை நம்பியும் அங்கே போக வேண்டாம். சைவம் சாப்பிடுபவர்கள் கியோத்தோ நிலையத்திலேயே வாங்கிக்கொள்வது நல்லது. ஊதோன், சோபா என்ற நூடுல்ஸ் வகைகளின் குழம்பில் மீன் சாறான தாஷி இருக்கும். மேலே காய்கறி மட்டும் இருப்பதைப் பார்த்து ஏமாறக் கூடாது. ஓனிகிரி என்ற சோற்று உருண்டையில், உமெபோஷி என்ற உப்பிட்ட புளிப்புப் பழம் வைத்ததிலும் சில கடைகளில் மீன் சாறு கலந்திருக்கும். வெறும் உப்புச் சோற்று உருண்டை, பழம், மேலே சொன்ன மோச்சி இவை போதும். நண்டு விருந்து என்று விளம்பரப்படுத்தினால் தேதியைப் பாருங்கள்: இந்தக் கடலில் ஆண் பனி நண்டு பிடிக்க நவம்பர் 6 முதல் மார்ச் 20 வரைதான் அனுமதி. உள்ளூர் நண்டுக்குக் காலில் பச்சை வில்லை மாட்டியிருக்கும். தட்டில் குவிக்கும் மலிவு விருந்துகளில் அதை எதிர்பார்க்காதீர்கள்.

இனி இனே. ஜனத்தொகை சுமார் 2,000. சுமார் 5 கிலோமீட்டர் சுற்றளவுள்ள விரிகுடாக் கரையில் 230 அளவில் ஃபுனயாக்கள், அதாவது படகு வீடுகள், தோளோடு தோள் ஒட்டி நிற்கின்றன. 2005இல் நாட்டின் பாதுகாக்கப்பட்ட மரபுக் கட்டடப் பகுதியாக அறிவித்தார்கள். மீனவக் கிராமம் ஒன்றுக்கு அந்தத் தகுதி கிடைத்தது அதுவே முதல் தடவை. கடலுக்குள் வீடு கட்டி ஒரு ஊரே எப்படி நிலைக்கிறது என்ற கேள்விக்கு விடை அந்தக் கடலிலேயே இருக்கிறது. ஜப்பான் கடல் ஒடுங்கிய, ஆழமில்லாத நீரிணைகளால்தான் வெளிக்கடலோடு இணைகிறது. ஓதம் உள்ளே வர வழியில்லை. பசிபிக் கரையில் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் ஒன்றரை, இரண்டு மீட்டர் வித்தியாசம் இருக்க, இங்கே அரை மீட்டர்கூட இருப்பது அரிது. விரிகுடாவின் வாய் தெற்கே திறக்கிறது. குளிர்காலத்து வடமேற்குக் காற்றை முதுகுப்புற மலை தடுக்கிறது. வாயிலேயே ஆவோஷிமா தீவு நின்று அலையை உடைக்கிறது. இந்த மூன்றில் ஒன்று குறைந்திருந்தாலும் இந்த ஊர் இல்லை.

ஃபுனயாவின் கீழ்த்தளம் கடலை நோக்கிச் சரியும். மரப் படகை உள்ளே இழுத்து உலரவைக்க அந்தச் சரிவு. தண்ணீரிலேயே கிடந்தால் கப்பல்புழு துளைத்துவிடும். மேல்தளம் முதலில் வலையும் கயிறும் உலர்த்துகிற பரண்தான். புரி மீன் நிறைய விழுந்த காலங்களில் கையில் பணம் சேர, ஓடு வேய்ந்த முழு மாடியாக எடுத்துக் கட்டினார்கள். இன்றைய ஃபைபர் படகுகள் பெரியவை, புழுவும் அரிக்காது. அதனால் வெளியே கட்டிக் கிடக்கின்றன. சாலையின் மலைப்பக்கம் இருப்பதுதான் குடும்பத்தின் பிரதான வீடு. 1930களில் சாலை அகலமாக வருமுன் இரண்டுக்கும் நடுவே முற்றம் இருந்தது. பக்கத்து வீட்டுக்குக்கூடப் படகில் போவார்கள்.

படகுச் சுற்று 25 நிமிஷம். கடற்புறாக்களும் கரும்பருந்துகளும் இறால் பிஸ்கட்டுக்காகப் படகைத் துரத்தும். பருந்துக்குக் கையில் வைத்து நீட்டாதீர்கள், நகம் கிழித்துவிடும். மேலே வீசிவிடுங்கள். எல்லோரும் பறவையைப் படமெடுப்பதிலேயே இருந்துவிட்டு வீடுகளைப் பார்க்காமல் இறங்குவதுதான் இங்கே வழக்கமாக நேர்கிற நஷ்டம். பிஸ்கட்டை முதல் ஐந்து நிமிஷத்தில் தீர்த்துவிடுங்கள். ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் கிடைத்தால், உள்ளூர்க்காரர்கள் ஓட்டும் சிறிய கடல் டாக்சியை விசாரியுங்கள். பெரிய படகு போகாத அளவுக்கு வீடுகளை ஒட்டிப் போகும்.

படகுத்துறை இருக்கும் ஹிதேயிலிருந்து வீடுகள் நெருங்கிய நடுப்பகுதிக்கு நடக்க இருபது நிமிஷத்துக்குக் குறையாது. பல சுற்றுலாக்கள் படகு முடிந்ததும் ஏற்றிக்கொண்டு, மலை மேல் உள்ள ஓய்விடத்தில் ஒரு படத்துக்கு நிறுத்திவிட்டுக் கிளம்பிவிடும். அது இனேயைப் பார்த்ததாகாது. இனேயில் எத்தனை நிமிஷம் என்று முதலிலேயே தேடச் சொன்னது இதற்காகத்தான். நடக்கும்போது, திறந்திருக்கும் கதவு அழைப்பல்ல. அது ஒருவரின் வீடு. இரண்டு வீட்டுக்கு நடுவே கடல் தெரியும் சந்தும் தனியார் இடம்தான். சாலை ஒடுக்கம், நடைபாதை இல்லை. நடுவில் நின்று படம் எடுக்க வேண்டாம். குப்பைத்தொட்டி கிடையாது, பையில் ஒரு பிளாஸ்டிக் உறை வைத்துக்கொள்ளுங்கள். சில்லறை யென் வேண்டும். 1754இல் தொடங்கிய முகாய் மதுச்சாலை இதே தெருவில் கடலைத் தொட்டுக்கொண்டு நிற்கிறது; பழைய சிவப்பு அரிசியில் வடிக்கும் அவர்களின் சாகே ரோஜா நிறத்தில் இருக்கும். பெட்டியில் வைக்க இடம் இருந்தால் சிறிய போத்தல் வாங்கலாம்.

வானிலையை மறக்கக் கூடாது. “சோற்றுப்பெட்டியை மறந்தாலும் குடையை மறக்காதே” என்பது இந்தப் பக்கத்துப் பழமொழி. நவம்பர் முதல் குளிர்காலம் முழுக்க, வெயிலும் மழையும் ஒரே மணி நேரத்தில் மாறி மாறி வரும். கியோத்தோவில் பளிச்சென்றிருப்பது இங்கே ஒன்றையும் உறுதிசெய்யாது. காற்று பலத்தால் படகு நிற்கும். அப்போது கட்டணம் திரும்ப வருமா, பதிலுக்கு எங்கே அழைத்துப்போவார்கள் என்பது முன்பதிவு விதிகளில் இருக்கும், படியுங்கள். ஏப்ரல் கடைசி முதல் ஜூன் தொடக்கம் வரையும், அக்டோபரும் நல்ல காலம். நவம்பரில் இலை சிவக்கும் வாரங்களில் திரும்பும் பேருந்து கியோத்தோ நுழைவில் மணிக்கணக்கில் மாட்டிக்கொள்ளும். அன்று இரவு ஷின்கன்சென் அதிவேக ரயிலுக்குச் சீட்டு எடுத்திருந்தால் குறைந்தது இரண்டு மணி நேர இடைவெளி விடுங்கள்.

தனியாகப் போக முடியாதா என்றால், முடியும். கியோத்தோவிலிருந்து ஹாஷிதாதே விரைவு ரயிலில் இரண்டு மணி நேரம், அங்கிருந்து உள்ளூர்ப் பேருந்தில் ஏறத்தாழ ஒரு மணி நேரம். நாடு முழுவதற்குமான ரயில் பாஸ் ஃபுகுச்சியாமாவுக்கு அப்பால் உள்ள தாங்கோ ரயில்வேக்குச் செல்லாது, தனியாகக் கட்ட வேண்டும். கியோத்தோ, ஒசாகா வட்டாரத்துக்கான கான்சாய் வைட் பாஸ் செல்லும். பேருந்துகள் அடிக்கடி இல்லை. ஒன்றைத் தவறவிட்டால் நாளின் கணக்கே குலைந்துவிடும். ஒரே நாளில் திரும்புவதானால் வழிகாட்டிச் சுற்றுலாவே மேல். தனியாகப் போவதென்றால் ஃபுனயாவில் ஓர் இரவு தங்குங்கள். பல வீடுகளில் ஒரு நாளைக்கு ஒரே குழுவைத்தான் ஏற்பார்கள்; மாதக் கணக்கில் முன்னால் பதிவு செய்ய வேண்டும். சுற்றுலாப் பேருந்துகள் கிளம்பிய பிறகு, வீட்டுக்காரர்கள் மீன் தலையும் குடலும் போட்ட மோந்தோரி என்ற கூண்டை வாசல் தண்ணீரில் இறக்குவார்கள். அதைத் தூக்குவது மறுநாள் காலையில்.